சிதிலத்தின்மீது ஒரு கூரை: கொலோன் நகரின் கொலும்பா அருங்காட்சியகம் குறித்து

கட்டிடக்கலை வகுப்புகளிலும் அருங்காட்சியகவியல் கருத்தரங்குகளிலும் ஜெர்மனியின் கொலோன் நகரிலுள்ள கொலும்பா அருங்காட்சியகம் பெரும்பாலும் ஒரே ஒளிப்படத்தின் வழியாகவே அறிமுகமாகிறது. இடிந்த சுவர்களும் அகழாய்வுக் குழிகளும் நிறைந்த பெரிய கூடம். அவற்றின் மேலே செந்நிற மரத்தாலான நடைபாலம் வளைந்து வளைந்து செல்கிறது. மிக மெல்லிய தூண்கள் இருளுக்குள் உயர்ந்து மறைகின்றன. சுவரின் மேற்பகுதியிலுள்ள சிறு துளைகளின் வழியே ஒளி புள்ளிபுள்ளியாக விழுகிறது. படத்தைக் காட்டுபவர் 'பழமையும் புதுமையும் கைகோக்கும் இடம்' என்று ஒரு வாக்கியம் சொல்வார். அடுத்த படத்துக்குப் போய்விடுவார்.

அந்த வாக்கியத்தோடுதான் எனக்குப் பிணக்கு. பீட்டர் சும்தோர் வடிவமைத்து 2007 செப்டம்பரில் திறக்கப்பட்ட இந்தக் கட்டிடத்தின் அருமையை நான் மறுக்கவில்லை. நம் காலத்தின் தலைசிறந்த அருங்காட்சியகக் கட்டிடங்களுள் ஒன்று அது என்பதே என் கருத்தும். ஆனால் 'தேவாலயம் இருந்தது, குண்டு விழுந்தது, அருங்காட்சியகம் எழுந்தது' என்று மூன்று படிகளில் சொல்லப்படும் கதையில் ஐம்பதாண்டுக் காலம் காணாமல் போகிறது. அந்த ஐம்பதாண்டுகளில் கொலும்பா வெறுமனே சிதிலமாகக் கிடக்கவில்லை, சிதிலமாக வாழ்ந்தது. அந்த வாழ்வின்மீதுதான் புதிய கூரை போடப்பட்டது. அப்படிப் போட்டதில் எது காக்கப்பட்டது, எது மூடப்பட்டது என்று கேட்பது வரலாற்று மாணவர்களின் வேலை.

முதலில் அடியிலிருந்து தொடங்குவோம். கொலோன் ரோமானியர் நிறுவிய நகரம். கொலும்பாவின் அடித்தளத்தில் ரோமானியக் குடியிருப்புகளின் சுவர்கள் உள்ளன. அவ்வீடுகளுள் ஒன்றைத் தழுவி, கிழக்கே அரைவட்டப் பீடப் பகுதியோடு, இடைக்காலத்தின் தொடக்கத்திலேயே ஒரு சிறு வழிபாட்டிடம் எழுந்தது. பின்னர் ரோமனெஸ்க் பாணியில் மூன்று பத்திகள் கொண்ட ஆலயம் வந்தது. நகரின் செல்வம் பெருகப் பெருக ஆலயமும் பக்கவாட்டில் விரிந்து, இடைக்காலத்தின் இறுதியில் ஐந்து பத்திகள் கொண்ட கோதிக் ஆலயமாயிற்று. இது பேராயரின் பேராலயம் அன்று, துறவியரின் மடமும் அன்று. வணிகர்களும் கைவினைஞர்களும் திருமுழுக்குப் பெற்ற, திருமணம் செய்துகொண்ட, அடக்கம் செய்யப்பட்ட பங்குக் கோயில். கொலோனின் மிகப் பெரிய பங்குகளுள் ஒன்று. ஒரே நாளில் திட்டமிட்டுக் கட்டப்பட்ட கட்டிடத்தின் ஒழுங்கு அதன் தரைப்படத்தில் இல்லை. அண்டை வீட்டு மனையை வாங்கி வாங்கி விரிந்த வீட்டைப்போல அது கோணலாக இருக்கிறது. அந்தக் கோணலை சும்தோர் திருத்தவில்லை என்பதைப் பின்னர் காண்போம்.

இவ்வாலயத்திற்காக ஏறத்தாழ 1455இல் பிளெமிஷ் ஓவியர் ரோகியர் வான் டெர் வெய்டன் வரைந்த பலிபீட ஓவியம் ஐரோப்பியக் கலை வரலாற்றின் பெரும் படைப்புகளுள் ஒன்று. நடுவில் மூன்று அரசர்களின் வணக்கம். இருபுறமும் மங்கள வார்த்தையும் ஆலயத்தில் குழந்தையைக் காணிக்கையாக்குதலும். இன்றும் அதற்குக் கொலும்பா பலிபீடம் என்றே பெயர். ஆனால் கொலும்பாவில் அது இல்லை. பிரெஞ்சு ஆட்சியில் கொலோனின் மடங்களும் ஆலயங்களும் உடைமைகளை இழந்து தடுமாறிய காலத்தில் புவாஸரே சகோதரர்கள் அதை வாங்கினர். 1827இல் அவர்களுடைய சேகரிப்பு பவேரியாவின் முதலாம் லுட்விக் மன்னரிடம் சென்றது. ஓவியம் இப்போது மியூனிக் நகரின் ஆல்ட்டே பினகோதேக்கில் உள்ளது. ஆலயத்தின் தலையாய பொருள் ஆலயம் இடிவதற்கு நூறாண்டுகளுக்கும் முன்னரே வேறொரு நகரின் அருங்காட்சியகப் பொருளாகிவிட்டது. அதனால்தான் அது குண்டுவீச்சிலிருந்து தப்பியது என்பதும் உண்மை. இந்த ஓவியத்திடம் நான் மீண்டும் வருவேன்.

இரண்டாம் உலகப் போரில் கொலோன்மீது 262 முறை வான்தாக்குதல் நடந்தது. 1942 மே 30 இரவு ஆயிரம் விமானங்கள் ஒரே நகரை நோக்கிப் பறந்தது இங்கேதான். போர் முடிந்தபோது நகரின் உட்பகுதி பத்தில் ஒன்பது பங்கு அழிந்திருந்தது. கொலும்பாவில் சில வெளிச்சுவர்களும் கோபுரத்தின் அடிப்பகுதியும் மட்டுமே எஞ்சின. அவற்றோடு, பதினைந்தாம் நூற்றாண்டைச் சேர்ந்த அன்னை மரியாளின் கற்சிலை ஒன்று, தான் பொருத்தப்பட்டிருந்த தூணின் எச்சத்தோடு நின்றது. சுற்றிலும் எல்லாம் சரிந்துகிடக்க அந்தச் சிலை நின்றதை மக்கள் அற்புதம் என்று கொண்டனர். 'இடிபாடுகளின் அன்னை' என்ற பெயர் அப்படி வந்தது.

அடுத்து என்ன செய்வது? 1946-47 குளிர்காலத்தில், நிலக்கரிக்கும் ரொட்டிக்கும் மக்கள் திண்டாடிக்கொண்டிருந்தபோது, கொலோனின் ஆலயங்கள் இனி என்னவாகும் என்ற கேள்வியையே தலைப்பாக்கி ஒரு பொதுச் சொற்பொழிவுத் தொடர் நடந்தது. இழந்ததை அப்படியே மீட்டுக் கட்டுவதா, சிதிலத்தைச் சான்றாக விட்டுவைப்பதா, அகற்றிவிட்டுப் புதிதாகத் தொடங்குவதா என்று அறிஞர்களும் கட்டிடக் கலைஞர்களும் குருக்களும் வாதிட்டனர். கொலோன் ஒரே விடையைத் தேர்ந்துகொள்ளவில்லை. பன்னிரண்டு பெரிய ரோமனெஸ்க் ஆலயங்கள் பல பத்தாண்டுகள் உழைத்து மீட்டெடுக்கப்பட்டன. அந்தப் பணியின் நிறைவை நகரம் 1985இல் கொண்டாடியது. தூய அல்பான் ஆலயம் கூரையின்றிச் சிதிலமாகவே விடப்பட்டு, போரில் இறந்தோரின் நினைவிடமாயிற்று. கேத்தே கோல்விட்ஸின் துயருறும் பெற்றோர் சிலைகளின் படி அங்கே மண்டியிட்டிருக்கிறது. கொலும்பாவுக்குக் கிடைத்தது மூன்றாவது விடை.

கோட்ஃப்ரீட் பியோம் அப்போது முப்பது வயதை எட்டாதவர். ஆலயக் கட்டிடக் கலைஞரான தொமினிக்குஸ் பியோமின் மகன். சிலை நின்ற இடத்தைச் சுற்றி எண்கோண வடிவில் ஒரு சிற்றாலயத்தை அவர் வடிவமைத்தார். அது 1950இல் அருட்பொழிவு பெற்றது. அவருடைய முதல் தனிப் படைப்பு அது. இடிந்த கோபுரத்தின் அடிப்பகுதி முன்கூடமாயிற்று. எண்கோணத்தின் சுவர்கள் பெரும்பாலும் கண்ணாடி. அந்தக் கண்ணாடிகளில் லுட்விக் கீஸ் வானதூதர்களை வரைந்தார். பெரிய ஆலயத்தின் எலும்புக்கூட்டுக்குள் கூடாரம்போல் ஒரு சிறு ஆலயம். சுற்றிலும் இடிபாடு, மேலே வானம். உள்ளே நிற்பவருக்கு நாளின் ஒளி எல்லாப் பக்கமிருந்தும் வந்தது. கடைத்தெருவின் நடுவே இருந்ததால் பை தூக்கியவர்களும் வேலைக்குப் போகிறவர்களும் நின்று மெழுகுவர்த்தி ஏற்றிச் சென்றனர். இன்றும் செல்கின்றனர்.

இந்தச் சிற்றாலயத்தை ஓர் இடைக்கால ஏற்பாடாகவோ பணமில்லாக் காலத்தின் சமாளிப்பாகவோ கருதுவது பிழை. பழைய ஆலயத்தை மீண்டும் எழுப்புவதில்லை என்ற முடிவின் கட்டிட வடிவம் அது. அதன் சிறுமையே அதன் பொருள். சுற்றியிருந்த வெறுமையை நீக்கிவிட்டால் அந்தச் சிறுமை விளங்காது. வெறுமையும் அந்தக் கட்டிடத்தின் ஒரு பகுதிதான் என்று சொல்வது மிகையாகாது.

1970களின் நடுவில் சிதிலப் பகுதி முறையாக அகழப்பட்டது. ரோமானியச் சுவர்கள் முதல் கோதிக் அடித்தளம் வரை அடுக்கடுக்காக வெளிப்பட்டன. அதன்மேல் தற்காலிகக் கூரை ஒன்று போடப்பட்டது. அங்கே புறாக்கள் குடியேறின. ஒலிக்கலைஞர் பில் ஃபொன்டானா 1994இல் அந்தப் புறாக்களின் ஓசையைப் பதிவு செய்தார். இன்று அருங்காட்சியகத்தின் அகழாய்வுக் கூடத்தில் நடப்போர் கேட்கும் சிறகடிப்பும் குமுறலும் அவ்வொலிப்பதிவிலிருந்து வருபவை. புறாக்கள் இல்லை. சிதிலம் சிதிலமாக இருந்த காலத்தின் நினைவாகக் கட்டிடத்தில் இடம்பெற்றவற்றுள் இதைவிட நேர்மையானது வேறில்லை என்று எனக்குத் தோன்றுவதுண்டு. உயிர் போய் ஒலி மட்டும் எஞ்சியிருப்பதை அது மறைக்கவில்லை.

கொலோன் உயர்மறைமாவட்டத்திற்கு 1853 முதலே ஓர் அருங்காட்சியகம் இருந்தது. அதற்குப் புதிய கட்டிடம் வேண்டும், அதைக் கொலும்பாவில் கட்டலாம் என்ற எண்ணம் 1990களில் உறுதிப்பட்டு, 1997இல் நடந்த போட்டியில் சும்தோரின் திட்டம் தேர்வாயிற்று. பத்தாண்டுகள் கழித்துத் திறப்பு விழா. கட்டியவர் அரசு அன்று, திருச்சபை என்பதைக் குறித்துக்கொள்ள வேண்டும். சிதிலத்தின் உரிமையாளரே அதன்மீது கட்டினார்.

சும்தோர் செய்ததைக் கொஞ்சம் நின்று பார்க்கலாம். இடைக்காலச் சுவர்கள் எங்கே முறிந்தனவோ அங்கிருந்தே அவர் தம் சுவரைத் தொடங்கினார். பழைய சுவருக்கும் புதிய சுவருக்கும் நடுவே இடைவெளியோ எஃகுச் சட்டமோ கண்ணாடிப் பட்டையோ இல்லை. புதுக்கல் பழங்கல்லின்மீது நேரே அமர்கிறது. கோதிக் ஆலயத்தின் கோணலான சுற்றுவட்டத்தையே பின்பற்றுகிறது. செங்கல் என்று நம் மொழி சொன்னாலும் இதன் நிறம் சாம்பலும் இளமஞ்சளும் கலந்தது. டென்மார்க்கின் பெடர்சன் சூளையில் இந்தக் கட்டிடத்திற்காகவே உருவாக்கப்பட்டது. அரை மீட்டருக்கும் மேல் நீளம், நான்கு சென்டிமீட்டரளவே தடிமன். அத்தகைய தட்டையான கல்லை எந்த முறிவின்மீதும், எந்த ஒழுங்கற்ற விளிம்பின்மீதும் அடுக்க முடியும். அகழாய்வுக் கூடத்தின் உயரம் ஏறத்தாழ 12 மீட்டர். மேல்தளத்தின் பாரத்தைத் தாங்க ஊன்றப்பட்ட தூண்கள் அடியிலுள்ள எச்சங்களை இயன்றவரை தொடாதபடி இடம் தேடித் தேடி நிறுத்தப்பட்டவை. அதனால்தான் அவை வரிசையாக இல்லை. சுவரின் மேற்பகுதியில் கற்களை இடைவிட்டு அடுக்கியிருப்பதால் வெளிக்காற்றும் ஒளியும் ஓசையும் உள்ளே வருகின்றன. மேலேயுள்ள காட்சிக்கூடங்களில் ஓவியங்களுக்கருகே பெயர்ப்பலகைகள் இல்லை. பார்வையாளர் கையில் ஒரு சிறு கையேடு மட்டும். பதினைந்தாம் நூற்றாண்டுச் சிற்பமும் இருபதாம் நூற்றாண்டுப் படைப்பும் அங்கே கால வரிசையின்றி அருகருகே இருக்கும். ஆண்டுதோறும் அந்த அடுக்கு மாறும்.

1964ஆம் ஆண்டின் வெனிஸ் சாசனத்தைப் படித்த மாணவர்கள் இங்கே ஓர் இக்கட்டைக் காணலாம். புதிய வேலை பழையதிலிருந்து வேறுபட்டுத் தெரிய வேண்டும் என்கிறது சாசனம். கொலும்பாவில் நிறம் வேறு, அளவு வேறு, ஆகவே வேறுபாடு தெரிகிறது. ஆனால் சாசனத்தைப் பின்பற்றிய இரண்டு தலைமுறைக் கட்டிடக் கலைஞர்கள் வழக்கமாக்கிக்கொண்ட விலகல் இங்கே இல்லை. பெர்லினில் கைசர் வில்ஹெல்ம் நினைவாலயத்தின் உடைந்த கோபுரத்துக்குப் பக்கத்தில் எகோன் ஐயர்மன் தம் புதிய ஆலயத்தைத் தனியாக நிறுத்தினார். கவன்ட்ரியில் பேசில் ஸ்பென்ஸ் பழைய பேராலயத்தின் சிதிலத்தைத் திறந்தவெளியாக விட்டு, அருகே புதியதைக் கட்டினார். இரண்டிலும் காயம் வெளியே தெரியும்படி விடப்பட்டது. டிரெஸ்டனின் ஃப்ராவன் ஆலயம் 1994க்கும் 2005க்கும் இடையில் பழைய உருவத்திலேயே மீண்டும் எழுப்பப்பட்டபோது காயம் அழிக்கப்பட்டது என்று சிலர் வருந்தினர். ஆறியது என்று பலர் மகிழ்ந்தனர். கொலும்பாவில் காயம் அழிக்கப்படவுமில்லை, வெளியே தெரியவுமில்லை. அது உள்ளே எடுத்துச் செல்லப்பட்டது. தெருவிலிருந்து பார்ப்பவருக்குத் தெரிவது முழுமையான ஒரு கட்டிடம். சிதிலத்தைப் பார்க்க வேண்டுமானால் நுழைவுச்சீட்டு வாங்க வேண்டும்.

அதே சாசனத்தின் 11ஆம் பிரிவு, ஒரு நினைவுச்சின்னத்தின் எல்லாக் காலகட்டப் பங்களிப்புகளும் மதிக்கப்பட வேண்டும் என்ற பொருள்பட அமைந்தது. 1950 அந்தக் காலகட்டங்களுள் ஒன்றா, இல்லையா? சும்தோரின் கட்டிடம் பியோமின் சிற்றாலயத்தை இடிக்கவில்லை. தன் வயிற்றுக்குள் வைத்துக்கொண்டது. தெருவிலிருந்து அதற்குத் தனி வாசல் உண்டு; வழிபாடு தொடர்கிறது. ஆனால் கீஸின் வானதூதர்களுக்குப் பின்னால் வானம் இல்லை. அவர்களுக்கு வந்து சேர்வது அகழாய்வுக் கூடத்தின் அரையிருளில் வடிகட்டப்பட்ட ஒளிதான். பியோம் அப்போது உயிரோடிருந்தார். 1986இலேயே பிரிட்ஸ்கர் பரிசு பெற்ற மூத்த கலைஞர். 2021இல் 101ஆம் வயதில்தான் காலமானார். தம் முதல் படைப்பு இன்னொருவர் கட்டிடத்தின் உள்ளறையாவதில் தமக்கிருந்த அதிருப்தியை அவர் மறைக்கவில்லை. கொலோனிலும் இதுபற்றிக் கடுமையான விவாதம் எழுந்தது. 2009இல் சும்தோரும் பிரிட்ஸ்கர் பரிசு பெற்றபின் அந்த விவாதத்தின் குரல் மங்கிவிட்டது. விருதுகள் பெறும் கட்டிடங்களின் வரலாற்றில் எதிர்வாதங்கள் அடிக்குறிப்புகளாகச் சுருங்குவது வழக்கம்தான்.

என் நிலையைச் சொல்லிவிடுகிறேன். எச்சங்களுக்குக் கூரை தேவைப்பட்டது; தற்காலிகக் கூரையின் கீழ் ரோமானியச் சுவர்கள் இன்னொரு நூற்றாண்டு தாங்கியிரா. ஆனால் அடுக்குகளைக் காப்பதாகப் புகழப்படும் ஒரு கட்டிடம், அடுக்குகளிலேயே மிக அண்மையானதை, போருக்குப் பின் அந்நகரம் தன்னைப் பற்றி எடுத்த முடிவின் சாட்சியை, பொருளாக மட்டும் காத்துவிட்டு அதன் சூழலை மூடிவிட்டது. ரோமானியச் சுவரும் கோதிக் தூணும் தொல்பொருள் என்று ஏற்பது எளிது; எழுந்து ஐம்பதாண்டுகளே ஆன கண்ணாடிச் சுவரை அப்படி ஏற்க நமக்குப் பழக்கமில்லை.

இந்தியாவில் இத்தகைய கட்டிடம் எழ முடியுமா என்று நண்பர்கள் கேட்பதுண்டு. தேசிய அளவில் பாதுகாக்கப்பட்ட சின்னத்தின்மீது முடியாது. 1958ஆம் ஆண்டுச் சட்டமும் 2010ஆம் ஆண்டுத் திருத்தமும் அத்தகைய சின்னத்தைச் சுற்றி 100 மீட்டரைத் தடைசெய்யப்பட்ட பகுதியாகவும், அதற்கப்பால் 200 மீட்டரை ஒழுங்குபடுத்தப்பட்ட பகுதியாகவும் வைத்திருக்கின்றன. பழைய கோவாவின் தூய அகஸ்டின் ஆலயத்தை எடுத்துக்கொள்வோம். 1830களில் போர்ச்சுகீசிய அரசு துறவற சபைகளை ஒடுக்கியபோது அது கைவிடப்பட்டது. 1842இல் வளைகூரை விழுந்தது. 1931இல் முகப்பும் கோபுரத்தின் ஒரு பாதியும் சரிந்தன. அதன் மணி இன்று பனாஜி நகரின் அமலோற்பவ அன்னை ஆலயத்தில் ஒலிக்கிறது. கொலும்பாவின் ஓவியத்தைப்போல இங்கும் சிதிலத்தின் உயிர்ப்பொருள் வேறிடத்தில் வாழ்கிறது. இந்தியத் தொல்லியல் துறை இடிபாட்டை அகற்றித் தரையை வெளிக்கொணர்ந்தது. அங்கே கிடைத்த எலும்பு ஐதராபாத்தின் உயிரணு, மூலக்கூறு உயிரியல் மையத்தில் மரபணு ஆய்வுக்குட்பட்டு, ஜார்ஜியாவின் கெட்டவான் அரசியுடையது என்ற முடிவுக்கு வலுச் சேர்த்தது. 2021இல் இந்தியா அதில் ஒரு பகுதியை ஜார்ஜியாவுக்கு அளித்தது. ஆலயமோ புல்தரையும் பலகையுமாக, விழுந்த நிலையிலேயே நிறுத்திவைக்கப்பட்டிருக்கிறது. பியோமின் சிற்றாலயத்தைப்போல ஒன்று அங்கே எழவும் வழியில்லை, சும்தோரின் கூரைபோல ஒன்று எழவும் வழியில்லை. நம் சட்டத்தின் பார்வையில் சிதிலத்துக்கு வரலாறு உண்டு, வருங்காலம் இல்லை. அதைக் குறையாக மட்டும் நான் சொல்லவில்லை. எதன்மீது எது கட்டப்பட்டது என்ற கேள்வி வழக்குமன்றங்களிலும் தெருக்களிலும் எரிந்துகொண்டிருக்கும் ஒரு நாட்டில், எதையும் எதன்மீதும் கட்டாதே என்ற விதிக்கு ஒரு முரட்டு விவேகம் உண்டு.

அந்தக் கேள்வி கொலோனுக்கும் உண்டு. இங்கேதான் மியூனிக்குக்குப் போன ஓவியத்திடம் திரும்ப வேண்டியிருக்கிறது. ரோகியர் வரைந்த மூன்று அரசர்களின் வணக்கத்தில் குழந்தை பிறந்த தொழுவம் ஓர் இடிந்த கற்கட்டிடம். வளைவுகள் சிதைந்திருக்கின்றன, கூரை வேய்ந்தது அரைகுறை. அக்காலத்து நெதர்லாந்து ஓவிய மரபில் இத்தகைய சிதிலத்துக்குப் பொருள் உண்டு: அது பழைய உடன்படிக்கை, யூதர்களின் சட்டம், அதன் இடிபாட்டிலிருந்து திருச்சபை எழுகிறது. கொலும்பாவின் பங்கு மக்கள் தலைமுறை தலைமுறையாக வணங்கிய பீடத்தின்மேல் இருந்தது, ஒரு சமயத்தின் சிதிலத்தின்மீது இன்னொன்று எழும் காட்சி.

அது வெறும் உருவகமாக இருந்திருந்தால் கடந்துபோகலாம். கொலும்பாவிலிருந்து நடந்துபோகும் தொலைவில் நகர மன்றச் சதுக்கம் இருக்கிறது. கொலோனில் யூதர்கள் வாழ்ந்ததற்கு 321ஆம் ஆண்டில் கான்ஸ்டன்டைன் பேரரசரின் ஆணையே சான்று. இடைக்காலத்தில் அந்தச் சதுக்கத்தைச் சுற்றி அவர்களுடைய குடியிருப்பும் தொழுகைக்கூடமும் இருந்தன. 1349இல் அங்கே படுகொலை நடந்தது. மீண்டும் குடியேறியவர்களை நகரம் 1424இல் ஒட்டுமொத்தமாக வெளியேற்றியது. இரண்டே ஆண்டுகளில் தொழுகைக்கூடம் நகர மன்றத்தின் சிற்றாலயமாக மாற்றப்பட்டது. 'எருசலேமில் தூய மரியாள்' என்று அதற்குப் பெயரிட்டனர். அந்தச் சிற்றாலயத்துக்காகவே ஸ்டெஃபான் லோக்னர் நகரப் பாதுகாவலர்களின் பலிபீட ஓவியத்தை வரைந்தார். 1520இல் அவ்வழியே வந்த ஆல்பிரெக்ட் டியூரர் காசு கொடுத்துத் திறக்கச் சொல்லிப் பார்த்த ஓவியம். இப்போது கொலோன் பேராலயத்தில் உள்ளது. கொலும்பா ஓவியம் வரையப்பட்டபோது இந்த வெளியேற்றம் நிகழ்ந்து முப்பதாண்டுகள்தான் ஆகியிருந்தன. வரையப்பட்ட சிதிலத்தைப் பார்த்தவர்களுக்கு உண்மையான ஒன்று எங்கே இருந்தது என்று சொல்லித் தர வேண்டியிருந்திராது.

நகர மன்றச் சிற்றாலயமும் இரண்டாம் உலகப் போரில் அழிந்தது. 1956இல் தொல்லியலாளர் ஓட்டோ டோப்பெல்ஃபெல்ட் அருகே யூதர்களின் சடங்கு நீராட்டுக் கிணற்றைக் கண்டெடுத்தார். இப்போது அந்த அகழாய்வுப் பகுதியின்மீது இன்னொரு அருங்காட்சியகம் எழுகிறது; மிக்வா என்று அதைச் சுருக்கி அழைக்கின்றனர். சதுக்கம் திறந்தவெளியாகவே இருக்கட்டும் என்று நகரில் எதிர்ப்பு எழுந்தது, வேலையும் பல ஆண்டுகளாக இழுத்துக்கொண்டே போகிறது. ஆக, ஒரே நகரில், ஒரே போரின் இடிபாடுகளின்மேல், இரண்டு அருங்காட்சியகங்கள். ஒன்றின் அடியில் தேவாலயம். மற்றொன்றின் அடியில் தேவாலயமாக்கப்பட்ட தொழுகைக்கூடம். முதலாவது பத்தாண்டுகளில் முடிந்தது. அதைக் கட்டியவர்களுக்கு அந்நிலம் தங்களுடையதுதானா என்று கேட்க வேண்டிய தேவை எழவில்லை. இரண்டாவதன் முன் அந்தக் கேள்வி நின்றுகொண்டேயிருக்கிறது. கொலும்பாவைத் தனியாக எடுத்துப் படிக்கும்போது இந்த வேறுபாடு கண்ணில் படாது. எனவே ஆய்வு மாணவர்கள் இவ்விரண்டையும் ஒரே வரைபடத்தில் வைத்துப் படிக்க வேண்டும் என்பது என் வேண்டுகோள்.

கொலும்பாவின் கண்காணிப்பாளர்கள் இதை அறியாதவர்கள் அல்லர். அகழாய்வுக் கூடத்தின் நடைபாலம் ஒரு கதவில் முடிகிறது. அதற்கப்பால் பழைய ஆலயத்தின் திருப்பொருள் அறை இருந்த இடம். அதற்கு மட்டும் சும்தோர் கூரை போடவில்லை. அங்கே ரிச்சர்ட் செர்ராவின் எஃகுப் படைப்பு ஒன்று நிற்கிறது. ஒன்றோடொன்று சாய்ந்து ஒன்றையொன்று தாங்கி நிற்கும் இரண்டு கனத்த வடிவங்கள். ஒன்றை எடுத்தால் மற்றது விழும். ஆஷ்விட்ஸிலிருந்து மீண்ட ப்ரீமோ லெவியின் கடைசி நூலின் பெயரையே, 'மூழ்கியோரும் மீண்டோரும்' என்பதையே, செர்ரா அதற்குச் சூட்டினார். அதை அவர் கொலும்பாவுக்காகச் செய்யவில்லை. கொலோனுக்கு அருகிலுள்ள ஸ்டொமெல்ன் என்ற ஊரின் யூதத் தொழுகைக்கூடத்துக்காக 1992இல் செய்தார். அவ்வூரின் யூதச் சமூகம் கரைந்துவிட்ட நிலையில் அந்தக் கட்டிடம் 1937இல் ஓர் உழவருக்கு விற்கப்பட்டிருந்தது. அவர் அதைக் கொட்டகையாகப் பயன்படுத்தினார். மறு ஆண்டு நவம்பரில் நாடெங்கும் தொழுகைக்கூடங்கள் எரிக்கப்பட்டபோது அது எரியாமல் தப்பியது அதனால்தான். அங்கிருந்து கொலும்பாவின் சேகரிப்புக்கு வந்த எஃகு இன்று ஓர் ஆலயத்தின் திருப்பொருள் அறைத் தரையில் மழையிலும் பனியிலும் நிற்கிறது. பெயர்ப்பலகை அதற்கும் இல்லை.